வசனம் ஸ்ரான்லி

டென்மார்க்கின் ஹொல்ஸ்டெப்ரோவில், பன்றி வெட்டும் தொழிற்சாலையில், இறைச்சி ஓடும் ஒரே பெல்டில் ஸ்ரான்லியோடு நின்ற தமிழர்களுக்கு அவரைப் பிடிக்காது. அவருக்கும் அவர்களைப் பிடிக்காது. இதில் ஒளிவுமறைவு ஒன்றும் இருக்கவில்லை. இடைவேளையில் நாலுபேர் கூடி வாய்விட்டுக் கதைத்துக்கொண்டிருப்பார்கள். ஸ்ரான்லி கோப்பியோடு வந்து பக்கத்துக் கதிரையை இழுத்தால் கதை அறுந்துபோகும். "வசனம் வந்திட்டுது, வாயைப் பொத்துங்கோ" என்று அந்தோனிதாசன் அவருடைய காதுபடவே சொல்லுவான்.

அவன் சொன்னதிலும் நியாயம் இருந்தது. ஸ்ரான்லிக்குக் காது பெரிய வரம். கற்பனைதான் மருந்துக்கும் கிடையாது. ஒரு நல்ல ஏச்சைத் தானாக உண்டாக்க அவரால் முடியாது. ஆனால் யார் யாரை என்ன சொல்லி ஏசினார்கள் என்பதை, மூச்சு விட்ட இடம்கூடத் தவறாமல் திருப்பிச் சொல்லுவார். அந்தக் காதை வைத்துத்தான் யாழ்ப்பாணத்துக் குருநகரில் கூட்டுறவுச் சங்கக்கடை மனேச்சராக இருந்துகொண்டே கோயில் நாடகங்கள் எழுதினார். பிறகு வானொலிக்கு எழுதினார். எழுபதுகளின் நடுவில் கொழும்பில் எடுத்த ஒரு தமிழ்ப் படத்துக்குத் திரைக்கதையும் வசனமும் அவர்தான். படம் ஒரு கிழமையில் பெட்டிக்குள் போய்விட்டது. திரையில் தன் பெயர் விழுந்ததை மட்டும் அவர் விடவேயில்லை. கலியாண வீடு, செத்த வீடு எதுவென்றாலும் அந்தப் பேச்சை எடுத்தார். "வசனம்" என்ற பட்டம் அப்படி ஒட்டியதுதான், டென்மார்க் வரைக்கும் கூடவே வந்தது.

அந்தப் படத்தில் சனம் கைதட்டிய ஒரே கட்டம், ஒரு மாமி மருமகளை ஏசும் கட்டம். அது அட்சரம் பிசகாமல் பக்கத்து வீட்டு யோகம்மா வேலிக்கு மேலால் கொட்டியது. யோகம்மா படத்தைப் பார்த்துவிட்டு விளக்குமாற்றோடு வந்து படலையில் நின்றாள். ஸ்ரான்லியின் மனைவி அருமைநாயகிதான் காலில் விழாத குறையாகக் கெஞ்சி அவளை அனுப்பிவைத்தாள். அனுப்பிவிட்டு உள்ளே வந்தவள், புருசனை அந்தோனியார் படத்துக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தினாள்.

"என்ர வாயிலையிருந்து வாற ஒரு சொல்லையும் எழுதமாட்டன் எண்டு சத்தியம் பண்ணுங்கோ."

"உன்ர வாயிலையிருந்து முத்தே கொட்டுது?"

"கொட்டுதோ இல்லையோ, பண்ணுங்கோ."

பண்ணினார். சோறு ஆறிக்கொண்டிருந்தது, அதனாலும் பண்ணினார்.

எண்பத்தாறில் ஸ்ரான்லி ஏஜென்சிக்காரனைப் பிடித்து டென்மார்க்குக்கு வந்து சேர்ந்தார். மனைவி நாயகியையும் சிறுபிள்ளையாக இருந்த மகள் அஜந்தினியையும் கொழும்பில், கொட்டாஞ்சேனையில் இருந்த தன் மூத்த அக்கா செலீனாவின் வீட்டில் விட்டுவிட்டு வந்தார். வந்து இறங்கின கையோடு கூப்பிடுவேன் என்றார். அப்படிச் சொல்லாமல் வந்த ஆண் ஒருவரும் அந்த நாட்டில் இல்லை.

முதல் குளிர்காலம் செஞ்சிலுவைச் சங்க முகாமில் கழிந்தது. அங்கே தொலைக்காட்சியில் ஒருநாள் கறுப்பு வெள்ளைப் படம் ஒன்று போனது. உலக யுத்தம் முடிந்த கையோடு பின்லாந்தில் எடுத்தது என்று முகாமில் வேலைசெய்த பெண் சொன்னாள். ஒரு ஆணும் பெண்ணும் மேசையில் இருந்து கோப்பி குடித்தார்கள். யன்னலைப் பார்த்தார்கள். திரும்பவும் குடித்தார்கள். ஸ்ரான்லிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "இதுக்கும் ஒருத்தன் கதை வசனம் எண்டு சம்பளம் வாங்கியிருப்பான்" என்றார். "வாயைத் திறக்காத சனத்துக்கு எழுத்தாளன் எதுக்கு?" டெனிஷ் பாசையும் அவருக்கு அதே கண்றாவிதான். பாதி எழுத்தை விழுங்கிவிட்டு மீதியைத் துப்புகிற பாசையைத் தான் படிப்பதில்லை என்று பாசைப் பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் விட்டார். கத்தி, கெதியாய், இடைவேளை, இவற்றுக்கான மூன்று டெனிஷ் சொல்லோடு பன்றி வெட்டப் போனார்.

மனைவியைக் கூப்பிடும் விண்ணப்பத்தை அவர் போட்ட வருசமே நீதி அமைச்சு தமிழர்களின் விண்ணப்பங்களைத் தூங்கப் போட்டுவிட்டது. ஏன் என்று கேட்டால் பதில் இல்லை. பொலிஸ் கந்தோரில் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பெண் தலை நிமிராமலே "பொறுத்திருங்கோ" என்பாள். பெல்டுக்குப் பொறுப்பாக நின்ற டெனிஷ்காரன், உங்கள் பெண்டுகளும் வந்துவிட்டால் எங்களுக்கு இருக்க இடமிருக்காது என்று சிரித்துக்கொண்டே இங்கிலீசில் சொன்னான். ஸ்ரான்லியும் சிரித்துக்கொண்டே தமிழில் அவனுடைய தாயைப் பற்றி ஒன்று சொன்னார். அதுவும் அந்தோனிதாசனிடம் களவெடுத்த சொல்தான்.

நாயகியிடமிருந்து கசெட் வரும். அந்த நாளில் எல்லா வீட்டுக்கும் வந்தது. கடிதம் எழுதினால் வாசித்து முடிந்துவிடும், குரல் என்றால் திரும்பத் திரும்பப் போடலாம். கசெட்டின் முதல் பக்கத்தில் அஜந்தினி பாட்டுப் படிப்பாள், செலீனா அக்கா தம்பிக்கு ஆசீர்வாதம் சொல்லுவாள். மற்றப் பக்கம் நாயகியுடையது. செவ்வாய்க்கிழமைகளில் செலீனா கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலுக்குப் போனபிறகு, குசினிக்குள் தண்ணீர்க் குழாயை முழுதாகத் திறந்துவிட்டு, அந்தச் சத்தத்துக்குள் இருந்துகொண்டு பேசுவாள். பக்கத்து அறைக்காரர் கேட்டு அக்காவிடம் சொல்லிவிடுவார்கள் என்ற பயம். ஸ்ரான்லி கேட்கும்போது முதலில் தண்ணீர் வரும், பிறகுதான் மனைவி வருவாள்.

"உங்கட அக்கா நேர ஒண்டும் சொல்லமாட்டா" என்றாள் ஒரு கசெட்டில். "பின்னேரம் செபமாலை முடிய மன்றாட்டு எண்டு துவங்குவா. 'ஆண்டவரே, இந்த வீட்டிலை சும்மா இருந்து மூண்டுநேரமும் திண்டுபோட்டு எதிர்ச்சொல்லுச் சொல்லுற சீவன்களுக்கு நல்ல புத்தியைத் தந்தருளும். ஆண்டவரே, வெள்ளைக்காரியளோட திரியிற என்ர தம்பியை மன்னியும். அவனைக் கட்டினவளின்ர முகராசிதான் அவனைக் கடல் கடத்தினது, அவளையும் மன்னியும்.' இவ்வளவத்துக்கும் நானும் முழங்காலிலை நிண்டு 'எங்கள் மன்றாட்டைக் கேட்டருளும்' எண்டு சொல்லவேணும். பிள்ளையும் சொல்லுது. எனக்கு நெஞ்சு வெடிக்குது. ஆனா இவ வெளியாலை போ எண்டா இந்தக் கொழும்பிலை நானும் பிள்ளையும் எங்கை போறது? அதாலை நானும் கேட்டருளும் எண்டுறன்."

ஸ்ரான்லி அதைக் கேட்டு அழுதார். உண்மையாகவே அழுதார், அதில் நடிப்பு இல்லை. அழுது முடித்துவிட்டுக் கசெட்டைப் பின்னுக்குச் சுற்றி இன்னொருமுறை கேட்டார். மூன்றாம்முறை கேட்டபோது அவர் அழவில்லை. காட்சி கண்ணுக்குத் தெரிந்தது.

கிறிஸ்துராஜா வந்தது அந்தச் சமயம் பார்த்துத்தான். அவன் டென்மார்க்கிலேயே பிராண்டே என்ற ஊரில் இருந்தான், பெந்தகோஸ்து சபைக்காரன், கார் டிக்கியில் தமிழ்ப்பட வீடியோக்களை வைத்து ஊர் ஊராக வாடகைக்கு விட்டவன். புதிதாக ஒரு வீடியோ கமெரா வாங்கியிருந்தான். புருசன் டென்மார்க்கில், பெண்சாதி கொழும்பில் என்று ஒரு படம் எடுப்போம், சனம் அள்ளிக்கொண்டு போகும் என்றான். ஸ்ரான்லி ஒரு கிழமையில் எழுதிக் கொடுத்தார். அந்தோனியாருக்கு முன்னால் பண்ணிய சத்தியம் நினைவுக்கு வராமல் இல்லை. சத்தியம் நாயகியின் வாய்ச்சொல்லுக்கு மட்டும்தானே, இது செலீனாவின் வாய்ச்சொல் அல்லவா என்று தனக்குத்தானே வழக்காடித் தீர்ப்பும் சொல்லிக்கொண்டார்.

பிராண்டேயில் கிறிஸ்துராஜாவின் வீடு கொட்டாஞ்சேனை வீடாகியது. வெளியே பனி கொட்டியது தெரியாமல் திரைச்சீலையை இழுத்து மூடி, ஹீற்றரைக் கூட்டி, எல்லோரையும் வேர்க்க வைத்து எடுத்தார்கள். புருசனின் அக்காவான மச்சாள் வேசத்துக்குக் கிறிஸ்துராஜாவின் மனைவி இன்பமலர். விண்ணப்பங்கள் நிற்பதற்கு முன்பே வந்து சேர்ந்துவிட்ட அதிர்ஷ்டக்காரி அவள். முழங்காலில் நின்று கண்ணை மூடி அந்த மன்றாட்டைச் சொன்னாளென்றால், கமெரா பிடித்தவனின் கை சிரிப்பில் ஆடியது. கிறிஸ்துராஜா மட்டும் சிரிக்கவில்லை.

"அண்ணை, இந்தச் செபக் கட்டம் ஆற்றையோ வீட்டிலை நடந்தது மாதிரிக் கிடக்கு. கொழும்புக்கும் கொப்பி போகும். வெட்டுவமே?"

"அதை வெட்டினா என்ர பேரையும் வெட்டு."

"கோவிக்காதேங்கோ. உங்கட அக்கா கொழும்பிலைதானே இருக்கிறா."

"அக்கா வீடியோ பாக்கிறேல்லை. பாத்தாலும் அது தான்தான் எண்டு விளங்க அவவுக்கு மூளை இல்லை."

ஹொல்ஸ்டெப்ரோவில் ஒரு மண்டபத்தை எடுத்து, பெரிய தொலைக்காட்சிப் பெட்டி இரண்டை வைத்துப் படத்தைக் காட்டினார்கள். மனைவியைக் கூப்பிட முடியாமல் இருந்த ஆண்கள்தான் முக்கால்வாசி. செபக் கட்டம் வந்ததும் மண்டபம் சிரித்தது, சிரித்து முடியாமலே அழத் தொடங்கியது. பின்னால் யாரோ "திருப்பிப் போடு" என்றான், திருப்பிப் போட்டார்கள். அந்தோனிதாசன் தானாகவே எழும்பி வந்து ஸ்ரான்லிக்குப் பக்கத்தில் இருந்தான். "அண்ணை, என்னெண்டு இப்பிடி யோசிச்சனீங்கள்?" என்று கேட்டான். ஸ்ரான்லி ஒரு வாத்தியாரைப் போலத் தலையை ஆட்டி, "அது வரவேணும், தம்பி" என்றார். வாழ்க்கையில் அவ்வளவு சந்தோசமாக அவர் இருந்ததில்லை. கூசாமல் இருந்தார் என்பதுதான் எரிச்சல்.

பாரிசுக்கும் லண்டனுக்கும் கொப்பி போனது. எண்பத்தொன்பது தைப்பொங்கலுக்கு அடுத்த கிழமை கொட்டாஞ்சேனைக்கும் போனது. டென்மார்க்கில் உங்கள் தம்பி எழுதிய படம் என்று பக்கத்து வீட்டு சுசீலாதேவி தன்னுடைய வீட்டு வீடியோ டெக்கைத் தூக்கிக்கொண்டுவந்து செலீனாவின் முன்னறையில் பூட்டினாள். அயல் முழுக்கக் கூடியிருந்து பார்த்தது. நாயகி கதவோரம் நின்று பார்த்தாள், புருசனின் பெயர் விழுந்தபோது மகளைக் கிள்ளிக் காட்டினாள். பிறகு அந்தக் கட்டம் வந்தது. அறை சிரித்தது. "செலீனா அக்கா, இது உங்கட மன்றாட்டெல்லோ" என்றாள் சுசீலாதேவி, ஒரு கெட்ட எண்ணமும் இல்லாமல்.

செலீனாவுக்கு மூளை இருந்தது. படத்தை முடியும்வரை பார்த்தாள். வந்தவர்களுக்குத் தேத்தண்ணியும் கொடுத்தாள். பின்னேரம் வழக்கம்போல மெழுகுதிரி கொளுத்தி முழங்காலில் நின்று செபமாலை சொன்னாள். கடைசியில் ஒரே ஒரு மன்றாட்டு. "ஆண்டவரே, இந்த வீட்டை விட்டு இண்டைக்கே போறவைக்கு நல்ல வழியைக் காட்டியருளும்." பழக்கதோசம், நாயகியும் பிள்ளையும் "எங்கள் மன்றாட்டைக் கேட்டருளும்" என்று சொல்லிவிட்டார்கள். எழும்பித் திரும்பியபோது அவர்களுடைய பை வாசலில் இருந்தது.

இவ்வளவையும் ஸ்ரான்லிக்குத் தொலைபேசியில் சொன்னது செலீனாதான். "உன்ர பெண்சாதி என்ர அடுப்படியிலை இருந்துகொண்டு உனக்குக் கதை அனுப்பினவள். நீ அதைக் கூத்தாக்கி ஊருக்குக் காட்டினனி. ரெண்டுபேரும் நல்லா இருங்கோ."

"அக்கா, பிள்ளையை எங்கை..."

"அதையும் எழுது" என்று சொல்லி வைத்துவிட்டாள்.

அதன்பிறகு கசெட் வரவில்லை. விதியின் குறும்பைப் பாருங்கள், அந்த மாதமே விண்ணப்பங்களின் தூக்கம் கலைந்தது. அந்த வருசம் ஹொல்ஸ்டெப்ரோ முழுக்கப் பெண்களும் பிள்ளைகளும் வந்து இறங்கினார்கள். அந்தோனிதாசனின் மனைவி வந்தாள். பெல்டில் நின்ற ஒவ்வொருவனும் சவரம் செய்து மணத்துக்கொண்டு திரிந்தான். நாயகிக்கு அனுமதி வந்ததை அறிவிக்கக் கொழும்பிலிருந்த டெனிஷ் கந்தோரிலிருந்து ஆள் கொட்டாஞ்சேனை விலாசத்துக்குப் போனபோது, அப்படி ஒருத்தரும் இங்கே இல்லை என்று செலீனா சொன்னாள். அது பொய்யும் இல்லை. நாயகியும் பிள்ளையும் முதலில் மட்டக்குளியில் கன்னியாஸ்திரிகளின் தையல் அறையில் இருந்தார்கள். பிறகு ஒரு லொட்ஜில். கொழும்பில் தமிழர் எவருக்கும் இன்னார் வீட்டில் இருக்கிறார் என்று பொலிசுக்குச் சொல்ல ஒரு வீட்டுக்காரர் வேண்டிய காலம். இவர்களுக்குச் சொல்ல ஆள் இல்லை. ஒரு சுற்றிவளைப்பில் பொலிஸ் தாயையும் மகளையும் ஏற்றிக்கொண்டு போனது. கன்னியாஸ்திரி ஒருவர் அலைந்து திரிந்து மீட்டார், மீட்டபிறகு ஸ்ரான்லிக்குத் தொலைபேசியில் சொன்னார். "உயிரோடை இருக்கினம்" என்று மட்டும் சொன்னார். அதற்கு மேல் ஸ்ரான்லி கேட்கவில்லை.

புது விலாசத்தைக் கொடுத்து அனுமதியைத் திரும்ப எடுத்து, தொண்ணூறு கார்த்திகையில்தான் அவர்கள் வந்தார்கள். கிறிஸ்துராஜாவின் காரில் கோப்பன்ஹேகன் விமான நிலையத்துக்குப் போய் ஸ்ரான்லி பூச்செண்டோடு நின்றார். நாயகி மெலிந்திருந்தாள். பூவை வாங்கி மகளின் கையில் கொடுத்துவிட்டு அவருடைய சட்டைப் பையைப் பார்த்தாள்.

"பேனையை வீட்டிலை விட்டிட்டு வந்திருக்கலாமே" என்றாள்.

அவள் சண்டை பிடிப்பாள் என்று அவர் ஆயத்தமாக இருந்தார். எரிந்து விழட்டும், அழட்டும், காலில் விழுவோம் என்று நினைத்திருந்தார். அவள் சண்டையே பிடிக்கவில்லை. உப்பு முடிஞ்சுது, வேலைக்கு நேரமாகுது, இதற்கு மேல் அவருக்கென்று ஒரு தமிழ்ச்சொல் செலவழிக்கவில்லை. கோயில் வாசலில் மற்றப் பெண்களோடு நின்று கைகொட்டிச் சிரித்துக் கதைப்பாள். அவர் கிட்டப் போனதும் சீலையை இழுத்துவிட்டுக்கொண்டு காரை நோக்கி நடப்பாள். "வாயைப் பொத்துங்கோ" என்று முந்தி அந்தோனிதாசன் சொன்னதையே இவள் சொல்லாமல் செய்தாள்.

அவர் சீயென்று விட்ட பாசைப் பள்ளிக்கூடத்துக்கு அவள் மழையிலும் காற்றிலும் சைக்கிளில் போய் வந்தாள். வயோதிபர் இல்லத்தில் வேலை எடுத்தாள். டெனிஷ் கிழவிகளோடு இருந்து இருந்து அவளுடைய வாய் அந்தப் பாசைக்குத் திரும்பிவிட்டது. அஜந்தினிக்கோ அது பள்ளிக்கூடப் பாசை. தாயும் மகளும் மேசையில் அதிலேயே கதைப்பார்கள், சிரிப்பார்கள். ஸ்ரான்லி கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு இருவர் வாயையும் மாறி மாறிப் பார்ப்பார். ஒருநாள் பொறுக்காமல் மேசையில் குத்தினார்.

"இது தமிழ் வீடு. தமிழிலை கதையுங்கோ."

"எழுதிறதுக்கோ?" என்று கேட்டாள் நாயகி. கோபம்கூட இல்லை அந்தக் குரலில். அவர் பிறகு அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

தொண்ணூற்று மூன்று தை மாதம் தூங்கப் போட்ட அந்த விண்ணப்பங்களின் விவகாரத்தில் டெனிஷ் அரசாங்கமே கவிழ்ந்தது. தொலைக்காட்சியைத் திறந்தால் தமிழர், பத்திரிகையைத் திறந்தால் தமிழர். அடுத்த ஞாயிறு கிறிஸ்துராஜா வந்து நின்றான்.

"அண்ணை, நாடே எங்களைப் பற்றித்தான் கதைக்குது. இப்ப எடுத்தா டெனிஷ்காரனும் பாப்பான். ஆனா உண்மைக்கதை வேணும். அண்ணியையும் பிள்ளையையும் பொலிஸ் பிடிச்சது ஒண்டு போதும்."

"வெளியாலை போடா நாயே."

"உங்களுக்குத்தானே பேர்..."

ஸ்ரான்லி அவனைப் பிடரியில் பிடித்துத் தள்ளிக் கதவைச் சாத்தினார்.  கோபம் அவன்மேல் பாதி. அவன் கேட்டதைத்தான் தானும் இரண்டு வருசமாகக் கேட்க நினைத்திருக்கிறார் என்பது மீதி. அங்கே என்ன நடந்தது? புருசனாகத்தான் அதை அறிய விரும்புகிறேன் என்று சொல்லிப் பார்த்தார். மனம் ஓம் என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை.

பேனையை எடுத்து அலுமாரி லாச்சிக்குள் போட்டார். மேசைக்குப் போனார். நாயகி கோப்பி குடித்துக்கொண்டு யன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மகள் சோபாவில் பள்ளிக்கூடப் புத்தகத்தோடு இருந்தாள். முகாமில் பார்த்த அந்தப் பின்லாந்துப் படம் அவருக்கு நினைவு வந்தது. அந்த மேசையில் இருந்தவர்கள் ஏன் பேசவில்லை என்று அன்றைக்கு அவர் யோசிக்கவில்லை.

"நாயகி. அந்தப் பொலிஸ் ஸ்டேசனிலை என்ன நடந்தது?"

அவள் முதலில் அவருடைய சட்டைப் பையைப் பார்த்தாள். பிறகு கைகளைப் பார்த்தாள். அவர் இரண்டு கையையும் விரித்துக் காட்டினார்.

"எழுதமாட்டன். சத்தியமா."

"முந்தியும் பண்ணினனீங்கள்" என்றாள். அதுதான் அவள் கடைசியாகச் சொன்ன தமிழ்.

பிறகு சொன்னாள். முழுக்கச் சொன்னாள், டெனிஷில். அவசரப்படாமல், தொடக்கத்திலிருந்து. இடையில் ஒரு சொல்லுக்குத் தடுமாறி நின்றபோது சோபாவிலிருந்து மகள் அந்தச் சொல்லை எடுத்துக் கொடுத்தாள். புத்தகம் மூடிக் கிடந்தது. ஸ்ரான்லியின் காது பொல்லாத காது. அவள் எங்கே மூச்செடுத்தாள், எங்கே குரல் இறங்கியது, எந்தச் சொல்லை இரண்டுதரம் சொன்னாள் என்று ஒன்றுவிடாமல் பிடித்தது. பொலிஸ் என்பது விளங்கியது. பிள்ளை என்பது விளங்கியது. கெதியாய் என்ற சொல் ஒருமுறை வந்தது, அது பெல்டில் அவசரப்படுத்துகிறவனிடம் படித்த சொல். மற்றது ஒன்றும் விளங்கவில்லை. மகள் அழத் தொடங்கினாள். எழும்பி வந்து தாயின் கழுத்தைக் கட்டிக்கொண்டு, அவருடைய மனைவி அவருக்கு முன்னாலேயே சொல்லி முடித்த கதைக்காக அழுதாள்.

"அஜந்தினி" என்றார் ஸ்ரான்லி. "அம்மா என்ன சொன்னவ?"

மகள் முகத்தைத் துடைத்துக்கொண்டு தாயைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்து, மாட்டேன் என்று டெனிஷில் சொன்னாள். அது அவருக்கு விளங்கியது.

நாயகி எழும்பிக் கோப்பையை எடுத்துக்கொண்டு குசினிக்குள் போய்த் தண்ணீர்க் குழாயை முழுதாகத் திறந்துவிட்டாள். ஸ்ரான்லி அசையாமல் இருந்து கேட்டுக்கொண்டிருந்தார். தண்ணீர் மட்டும்தான் ஓடியது.